சம்ஸ்கிருதத்துக்கு உழைக்க வருகிறவர்களுக்கு: பேச்சு வட்டத்திலிருந்து ஓலைச்சுவடி வரை

சம்ஸ்கிருதத்துக்கு ஏதாவது செய்ய வேண்டும் என்று கிளம்புகிறவர்கள் பெரும்பாலும் முதலில் ஒரு வாட்ஸ்அப் குழு தொடங்குவார்கள். முதல் வாரம் தினம் ஒரு சுபாஷிதம், அதாவது நன்மொழிச் செய்யுள், வரும். மூன்றாவது வாரம் பூப்போட்ட காலை வணக்கம் வரும். இரண்டு மாதம் கழித்துப் பார்த்தால் ஒருவரும் ஒரு வாக்கியம் பேசியிருக்க மாட்டார்கள், ஒரு பக்கமும் தட்டச்சு ஆகியிருக்காது. ஆர்வத்தில் குறைவில்லை. என்னென்ன வேலை இருக்கிறது என்று யாரும் பிரித்துச் சொல்லாததுதான் கோளாறு. அதைப் பிரித்துச் சொல்லத்தான் இந்தக் கட்டுரை.

2011 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் சம்ஸ்கிருதத்தைத் தாய்மொழி என்று பதிந்தவர்கள் நாடு முழுக்க 24,821 பேர். படிக்கிறவர்கள், ஓதுகிறவர்கள், ஆராய்ச்சி செய்கிறவர்கள் இந்தக் கணக்கில் வரமாட்டார்கள். ஆனாலும் எண் ஒன்றைக் காட்டுகிறது: தொட்டிலில் கற்பவர்கள் இல்லாத மொழியை ஒவ்வொரு தலைமுறையிலும் யாராவது விரும்பிக் கற்றுத்தான் அடுத்த கைக்குக் கொடுக்க வேண்டும். அந்த யாராவது பெரும்பாலும் சம்பளம் இல்லாதவர்.

படி 1: எந்த வேலை உங்களுக்கு?

பரவலாகப் பார்த்தால் மூன்று வேலைகள். பேச்சையும் கற்பித்தலையும் வளர்ப்பது ஒன்று. அச்சில் இருக்கும் நூல்களைக் கணினியில் தேடக்கூடிய எழுத்தாக மாற்றுவது இன்னொன்று. மூன்றாவது, ஓலைச்சுவடிகளைக் காப்பதும் படித்து எழுதுவதும். முதலாவதற்குக் கூச்சமில்லாத நாக்கு வேண்டும். இரண்டாவதற்குப் பொறுமையும் நல்ல கண்ணும் போதும், மொழி அரைகுறையாகத் தெரிந்தாலும் சமாளிக்கலாம். மூன்றாவது நிதானமாகத்தான் கைவரும், ஆனால் தமிழ்நாட்டுக்காரர்களால் அதிகம் சாதிக்க முடிகிற இடம் அதுதான். காரணத்தைக் கிரந்தம் பற்றிய பகுதியில் சொல்கிறேன்.

மூன்றையும் ஒரே நேரத்தில் தொடாதீர்கள். வாரத்துக்கு இரண்டு மணி நேரம் ஒதுக்க முடிந்தால் ஒன்றைத்தான் உருப்படியாகச் செய்ய முடியும்.

படி 2: கொஞ்சமாவது மொழி

எழுத்திலிருந்து தொடங்குங்கள். தினம் அரை மணி நேரம் உட்கார்ந்தால் இரண்டு மூன்று வாரத்தில் தேவநாகரியை எழுத்துக்கூட்டிப் படித்துவிடலாம். தமிழர்களுக்கு உண்மையான இடறல் ஒலியில்தான். நமக்கு ஒரே ‘க’ என்றால் அங்கே நான்கு. பழைய தமிழ் அச்சுப் புத்தகங்களில் க, க², க³, க⁴ என்று எண் போட்டு இதைச் சமாளித்திருப்பார்கள். தோத்திரப் புத்தகம் புரட்டியவர்களுக்கு இது பழக்கமாகவே இருக்கும். அந்த எண்ணைக் கண்டுகொள்ளாமல் படித்தால் ‘பலம்’ வலிமையா, பழமா என்று தெரியாது. ப³லம் வலிமை, ப²லம் பழம்.

இலக்கணத்தில் நமக்கு ஒரு சலுகை உண்டு. தமிழ் இலக்கணம் எண்ணும் எட்டு வேற்றுமைகளின் வரிசை சம்ஸ்கிருதத்தின் விபக்தி வரிசையோடு ஒட்டிப் போகும். ‘ஐ’ இரண்டாவது, ‘கு’ நான்காவது என்று பள்ளியில் படித்தது இங்கே அப்படியே கைகொடுக்கும். புதிதாகப் பழக வேண்டியது இருமை. ஒருமைக்கும் பன்மைக்கும் நடுவே, இரண்டு பேர் என்றாலே தனி வடிவம்.

பாடமாகப் படிக்க விரும்பினால் சம்ஸ்கிருத பாரதியின் அஞ்சல்வழிப் பாடங்கள் பிரவேசம், பரிசயம், சிக்ஷா, கோவிதம் என்று படிப்படியாகப் போகின்றன. தொண்டு செய்வதற்கு எல்லாவற்றையும் முடித்திருக்க வேண்டியதில்லை. முதல் இரண்டு நிலைகளைத் தாண்டினாலே பெரும்பாலான வேலைகளுக்குக் கை தயாராகிவிடும்.

படி 3: பேச்சு வட்டம்

1981-இல் பெங்களூரில் தொடங்கிய சம்ஸ்கிருத பாரதி பரப்பிய முறை எளிமையானது: பத்து நாள், நாளுக்கு இரண்டு மணி நேரம், சம்ஸ்கிருதத்திலேயே சம்ஸ்கிருதம். ஆசிரியர் ஒரு பேனாவைத் தூக்கிக் காட்டி “ஏதத் கிம்?” என்பார், இது என்ன என்று அர்த்தம். வாய்பாடு மனப்பாடம் கிடையாது, மொழிபெயர்ப்பும் கிடையாது. வகுப்பு எடுப்பவர்களில் பெரும்பாலோர் தன்னார்வலர்கள்தான்.

இந்த முறைக்குள் சில தந்திரங்கள் இருக்கின்றன. வட்டம் நடத்தப் போகிறவர் அவற்றைத் தெரிந்துகொள்ள வேண்டும். எதிரில் இருப்பவரை ‘த்வம்’ என்று முன்னிலையில் அழைக்காமல் ‘ப⁴வான்’, பெண்ணென்றால் ‘ப⁴வதீ’ என்பார்கள். மரியாதைக்கு மரியாதை, வினைச்சொல்லுக்கும் படர்க்கை வடிவம் ஒன்றே போதும். இறந்த காலத்துக்கு மூன்று விதமான லகாரங்களை (வினை வடிவ வரிசைகளை) புகட்டாமல், போனான் என்பதற்கு ‘க³தவான்’, போனாள் என்பதற்கு ‘க³தவதீ’ என்று முடித்துவிடுவார்கள். இப்படிச் சுருக்கினால் நூறு நூற்றைம்பது சொற்களோடு ஒருவர் தன் அன்றாடத்தைப் பேசிவிடலாம். இது நீர்த்துப்போன சம்ஸ்கிருதம் என்று பண்டிதர்கள் சிலர் முகம் சுளிப்பார்கள். எனக்கு அந்த வருத்தம் இல்லை. நீச்சல் கற்கிறவரை முதல் நாளே ஆழத்தில் தள்ளினால் மறுநாள் அவர் வரமாட்டார்.

உண்மையான சிக்கல் பதினோராவது நாளில் தொடங்குகிறது. நிறைவு விழாவில் எல்லோரும் மேடையேறி “மம நாம” என்று பெயர் சொல்வார்கள், புகைப்படம் எடுப்பார்கள், அத்தோடு கலைந்துவிடுவார்கள். முகாம் நடத்துவதற்கு முன்பே அதற்கடுத்த பன்னிரண்டு வாரக் கூட்டங்களுக்கு இடமும் நேரமும் முடிவாகியிருக்க வேண்டும். அது முடியாவிட்டால் முகாமையே தள்ளிப்போடுங்கள்.

வாரக் கூட்டம் ஒரு மணி நேரத்தைத் தாண்ட வேண்டாம். ஒவ்வொரு வாரமும் ஒரு பொருள்: சமையல், பயணம், உடம்பு சரியில்லை, வீடு மாறுவது. பேசிக்கொண்டிருப்பவரை நடுவில் திருத்தாதீர்கள். பிழைகளைக் குறித்து வைத்துக் கடைசி பத்து நிமிடத்தில் பெயர் சொல்லாமல் பொதுவாகச் சொல்லுங்கள். புதுப் பொருள்களுக்குச் சொல் தேடிச் சண்டை போட்டும் நேரத்தைக் கழிக்க வேண்டாம். தொலைபேசிக்கு தூ³ரவாணீ, கணினிக்கு ஸங்க³ணகம், மிதிவண்டிக்கு த்³விசக்ரிகா என்று புழக்கத்தில் இருப்பதை எடுத்துக்கொண்டு நகருங்கள்.

நாலைந்து மாதம் ஆனதும் வட்டத்துக்குச் சேர்ந்து செய்ய ஒரு காரியம் வேண்டும், இல்லாவிட்டால் அலுத்துவிடும். என் பரிந்துரை நாடகம். பல்லவ மன்னன் முதலாம் மகேந்திரவர்மன் ஏழாம் நூற்றாண்டில் எழுதிய மத்தவிலாசப் பிரகசனம் காஞ்சித் தெருவில் நடக்கும் அங்கதம். குடித்திருக்கும் காபாலிகன் (கபாலம் ஏந்தித் திரியும் சைவத் துறவி) ஒருவன் தன் பிச்சைப் பாத்திரமான கபாலத்தைத் தொலைத்துவிட்டு ஒரு பௌத்தத் துறவியோடு மல்லுக்கு நிற்பான். ஓரங்கம், சில பாத்திரங்கள், நிறையச் சிரிப்பு. சம்ஸ்கிருதம் என்றாலே மந்திரம் என்று நினைத்து வந்து உட்காருகிறவருக்கு இதைவிட நல்ல அதிர்ச்சி வேறில்லை.

காது பழக, ஆகாசவாணியின் சம்ஸ்கிருதச் செய்தி 1974 முதல் ஒலிபரப்பாகிறது. கண் பழக, மைசூரில் 1970-இல் தொடங்கிய ‘சுதர்மா’ நாளிதழ்.

படி 4: அச்சு நூலைக் கணினிக்குள் கொண்டுவருவது

தமிழில் மதுரைத் திட்டம் 1998 பொங்கலன்று தொடங்கி, உலகெங்கும் இருக்கும் தன்னார்வலர்களைக் கொண்டே பழைய நூல்களை மின்னூல்களாக்கியது. சம்ஸ்கிருதத்திலும் அதே மாதிரி உழைப்பு பல இடங்களில் நடக்கிறது. சான்ஸ்கிரிட் டாக்குமென்ட்ஸ் தளத்தில் தோத்திரங்களும் உபநிடதங்களும் பெரும் அளவில் தன்னார்வலர்கள் தட்டச்சு செய்தவை. சம்ஸ்கிருத விக்கிமூலம் இருக்கிறது. மெய்ப்பு பார்ப்பதற்கென்றே வசதி செய்து வைத்திருக்கும் அம்புதா இருக்கிறது. ஜெர்மனியின் கோட்டிங்கன் பல்கலைக்கழகத்தில் கிரெட்டில் தொகுப்பு இருக்கிறது.

தொடங்கும் முன் இவை எல்லாவற்றிலும் தேடுங்கள். நான் ஒரு சிறு அலங்கார (அணியிலக்கண) நூலை நாற்பது பக்கம் தட்டச்சு செய்த பிறகுதான் அது ஏற்கெனவே இரண்டு இடங்களில் இருப்பதைப் பார்த்தேன். அந்த நாற்பது பக்கத்தில் கற்றது வீணில்லை என்று என்னை நானே தேற்றிக்கொண்டேன். உண்மையில் வீண்தான்.

அடுத்தது பதிப்புரிமை. இந்தியச் சட்டப்படி ஆசிரியர் இறந்த ஆண்டு முடிந்து 60 ஆண்டுகள் வரை உரிமை இருக்கும். காளிதாசனுக்கு யாரும் உரிமை கோர முடியாது. ஆனால் நீங்கள் கையில் வைத்திருக்கும் பதிப்பின் முன்னுரை, அடிக்குறிப்பு, மொழிபெயர்ப்பு எல்லாம் சமீபத்தில் வாழ்ந்த ஒருவருடையதாக இருக்கலாம். மூலத்தை மட்டும் எடுப்பதாக இருந்தாலும் பழைய பதிப்பாகப் பார்த்து எடுப்பது பாதுகாப்பு.

பக்கங்களை ஸ்கேன் செய்து எழுத்துணரியில் (OCR) கொடுத்தால் நல்ல அச்சுக்கு ஓரளவு சுத்தமான எழுத்து வந்துவிடும். மனித வேலை அங்கேதான் ஆரம்பம். தேவநாகரியில் ப³-வும் வ-வும் கிட்டத்தட்ட ஒரே உருவம். க⁴-வும் த⁴-வும் அப்படி, ப⁴-வும் ம-வும் அப்படி. எந்திரம் குழம்பும் இடங்கள் பெரும்பாலும் இவைதான், அசதியில் மனிதனும் அங்கேயேதான் குழம்புவான். ஆகவே ஒரு பக்கத்தை ஒருவர் திருத்தி, வேறொருவர் மறுபடி பார்க்க வேண்டும். ஒரே ஆள் இரண்டு முறை பார்ப்பது இதற்கு ஈடாகாது. தான் விட்ட பிழை தன் கண்ணுக்குத் தெரியாது.

செய்யுள் என்றால் யாப்பே உங்களுக்கு இலவச மெய்ப்பாளர். அனுஷ்டுப் என்ற யாப்பில் ஒரு பாதத்துக்கு, அதாவது அடிக்கு, எட்டு எழுத்து, நான்கு பாதம். பொது விதிப்படி ஐந்தாவது எழுத்து லகு (குறுகிய ஒலி), ஆறாவது குரு (நீண்ட ஒலி). ஏழாவது இரண்டாம், நான்காம் பாதங்களில் லகு, மற்ற இரண்டில் குரு. விலக்குகள் உண்டு என்றாலும், எண்ணிப் பார்த்து ஒரு பாதத்தில் ஏழோ ஒன்பதோ வந்தால் அங்கே நிறுத்திப் படத்தைப் பாருங்கள். பத்துக்கு எட்டு முறை ஒரு எழுத்து விழுந்திருக்கும். லகு குருவைத் தமிழ்க் குறில் நெடிலாகவே எடுத்துக்கொள்ளாதீர்கள். கூட்டெழுத்துக்கு முன்னால் வரும் குறிலும் குருதான்.

கோப்பின் மூலப்படியைத் தேவநாகரியிலோ கிரந்தத்திலோ யூனிகோடில் வைத்திருங்கள். எண் போடாத தமிழ் எழுத்தில் மட்டும் வைத்திருந்தால் க நான்கும் ஒன்றாகிவிடும், பிறகு எந்தக் கருவியாலும் திரும்பப் பிரிக்க முடியாது. மூலப்படி ஒழுங்காக இருந்தால் அக்ஷரமுகா போன்ற கருவியில் போட்டு எந்த எழுத்துக்கும் மாற்றிக்கொள்ளலாம்.

படி 5: கிரந்தம்

தமிழ்நாட்டில் சம்ஸ்கிருதத்தை நூற்றாண்டுகளாக எழுதிவந்தது பெரும்பாலும் கிரந்த எழுத்தில்தான். ஓலையில் எழுதினார்கள், பிறகு அச்சிலும் போட்டார்கள். தேவநாகரி அச்சு பரவியதும் கிரந்தம் பின்வாங்கியது. இப்போது சம்ஸ்கிருதம் நன்றாகத் தெரிந்த வடநாட்டு அறிஞருக்குக் கிரந்தம் வராது. கிரந்த ஏடு பரணில் இருக்கிற வீட்டில் சம்ஸ்கிருதம் தெரியாது. இந்த இடைவெளியில் நிற்கக்கூடியவர், தமிழ் படிக்கத் தெரிந்து சம்ஸ்கிருதமும் கொஞ்சம் கற்றவர். பேச்சு வகுப்பு எடுக்க நாடெங்கும் ஆள் கிடைக்கலாம், கிரந்தம் படிக்க அப்படிக் கிடைக்காது.

கற்பது பயப்படுகிற அளவுக்குக் கடினமில்லை. ண, த, ய, வ போன்றவை தமிழ் எழுத்துக்கு வெகு அருகில் இருக்கும். ஜ, ஷ, ஸ, ஹ நாம் ஏற்கெனவே எழுதுகிற கிரந்த எழுத்துகளே. மலையாளம் படிப்பவர்களுக்கு இன்னும் சுலபம். உழைப்பு கேட்பவை கூட்டெழுத்துகள், ஒன்றின் கீழ் ஒன்றாக அடுக்கி வரும். 2014-இல் யூனிகோடின் 7.0 பதிப்பில் கிரந்தம் சேர்ந்ததால் இப்போது கணினியிலும் எழுதலாம்.

வரிசை இப்படி இருக்கட்டும்: முதலில் உங்களுக்கு மனப்பாடமாகத் தெரிந்த ஒரு தோத்திரத்தைக் கிரந்த அச்சில் படியுங்கள். அப்புறம் தெரியாத நூல், அதுவும் அச்சில். அதற்குப் பிறகுதான் ஓலையின் படம். ஓலையில் சொற்களுக்கு இடையே இடைவெளி இருக்காது, எழுதியவர் கைக்கு ஏற்ப உருவம் மாறும். முதல் ஏட்டுக்கு ஒரு மாலை முழுக்கப் போகலாம். பத்தாவது ஏட்டில் அந்தக் கை உங்களுக்குப் பழகிவிடும்.

சுவடியின் கடைசி ஏட்டை விடாதீர்கள். யார் எழுதியது, யாருக்காக, எந்த வருஷம் என்று அங்கே இருக்கலாம். வருஷம் பெரும்பாலும் பிரபவ, விபவ என்ற அறுபதாண்டுச் சுற்றின் பெயராக இருக்கும், அதை மட்டும் வைத்து ஆண்டை முடிவு கட்ட முடியாது. ஒரு சுற்று தள்ளினால் அறுபது ஆண்டு தவறிவிடும். நாளும் கிழமையும் நட்சத்திரமும் சேர்ந்திருந்தால்தான் நெருங்கலாம். சில சுவடிகளில் புத்தகமே பேசுவதாக ஒரு செய்யுள் வரும்: “தைலாத்³ ரக்ஷேத் ஜலாத்³ ரக்ஷேத் ரக்ஷேத் ஶிதி²லப³ந்த⁴னாத்”. எண்ணெயிலிருந்தும் நீரிலிருந்தும் தளர்ந்த கட்டிலிருந்தும் என்னைக் காப்பாற்று என்கிறது, அடுத்த வரியில் மூடன் கையில் கொடுக்காதே என்று முடிக்கிறது.

எங்கே பயில்வது? சென்னையில் அரசினர் கீழ்த்திசைச் சுவடிகள் நூலகம் 1869 முதல் இருக்கிறது, அடையாறு நூலகம் 1886 முதல். தஞ்சாவூரில் சரசுவதி மகால். புதுச்சேரி பிரெஞ்சு நிறுவனத்தில் உள்ள சைவ ஆகமச் சுவடித் தொகுப்பு 2005-இல் யுனெஸ்கோவின் உலக நினைவுப் பதிவேட்டில் இடம்பெற்றது. தொண்டு செய்ய வந்திருக்கிறேன் என்று வாசலில் போய் நின்றால் யாரும் சுவடியைக் கையில் தரமாட்டார்கள், தரவும் கூடாது. முதலில் வாசகராகப் போங்கள். அட்டவணையைப் புரட்டுங்கள். ஒரு சிறு நூலைத் தேர்ந்து அனுமதியோடு படியெடுத்து, அந்தப் படியை அவர்களிடமே ஒன்று கொடுங்கள். நம்பிக்கை அப்படித்தான் வரும்.

படி 6: வீட்டில் சுவடி கிடைத்தால்

உங்கள் வட்டம் ஊரில் தெரிய ஆரம்பித்ததும் யாராவது ஒருவர் மஞ்சள் துணியில் சுற்றிய கட்டோடு வருவார். அப்போது செய்யக் கூடாதவைதான் அதிகம். தண்ணீர் படக் கூடாது. வெயிலில் காயப்போடக் கூடாது. லேமினேஷன் வேண்டவே வேண்டாம், பிளாஸ்டிக் பையும் வேண்டாம், ஈரம் உள்ளேயே தங்கிவிடும். ஏட்டின் மேல் பேனாவால் எண் எழுதக் கூடாது. லெமன்கிராஸ் எண்ணெய் பூசினால் ஓலை வளையும் என்று எங்கேயோ கேட்டிருப்பீர்கள். சுவடிக் காப்பாளர்கள் அதைப் பயன்படுத்துவது உண்மை, ஆனால் அளவும் பதமும் அறிந்து செய்வார்கள். நாம் செய்தால் அந்தச் செய்யுள் அஞ்சிய எண்ணெய் நாமாகிவிடுவோம். ஒட்டிக்கொண்ட ஏடுகளை விரலால் பிரிக்காமல் அப்படியே நூலகத்துக்குக் கொண்டுபோங்கள்.

ஏடுகள் ஒன்றோடொன்று ஒட்டாமல், உறுதியாக இருக்கும் கட்டென்றால் படம் எடுக்கலாம். நேரடி வெயில் படாத ஜன்னலோர வெளிச்சம், ஃபிளாஷ் இல்லாமல், மூன்றுகால் தாங்கியில் கேமரா மேலிருந்து நேர்க்கீழாகப் பார்க்க வேண்டும். அடியில் ஒரே நிறத் துணி, பக்கத்தில் ஓர் அளவுகோல், ஏட்டு எண் எழுதிய சிறு காகிதத் துண்டு. ஒவ்வொரு ஏட்டுக்கும் முன்பக்கம், பின்பக்கம். வரிசை கலைந்திருப்பதாகத் தோன்றினாலும் கிடைத்த வரிசையிலேயே எடுங்கள், சரிசெய்வதைப் பிறகு கணினியில் செய்துகொள்ளலாம். வெற்றேட்டையும் எடுங்கள். கட்டை மூடியிருக்கும் மரப்பலகையையும் எடுங்கள்.

சுவடி அந்தக் குடும்பத்துடையது. படத்தை என்ன செய்யப் போகிறீர்கள் என்று ஒரு தாளில் எழுதி இரு தரப்பும் கையெழுத்துப் போடுங்கள், படங்களின் நகலை அவர்களுக்கும் கொடுங்கள். சுவடியை விலைக்குக் கேட்டு வருகிறவர்கள் இருப்பார்கள். இலக்கிய, அறிவியல், வரலாற்று மதிப்புள்ள 75 ஆண்டுக்கு மேற்பட்ட கையெழுத்துப் படிகள் 1972-ஆம் ஆண்டுத் தொல்பொருள் சட்டத்தின்கீழ் வருகின்றன. தனியார் யாரும் அவற்றை நாட்டுக்கு வெளியே அனுப்ப முடியாது. குடும்பத்தாருக்கு இதைப் பக்குவமாகச் சொல்லிவிடுங்கள். பாதுகாக்க முடியவில்லை என்றால் 2003-இல் தொடங்கிய தேசிய சுவடிகள் இயக்கத்தின் வழி அரசு உதவி உண்டு. 2025 முதல் அந்தப் பணி ஞான பாரதம் என்ற பெயரில் நடக்கிறது.

படி 7: ஆள் சேர்ப்பதும் வாய் கொடுப்பதும்

“நாசாவே சொல்லிவிட்டது, கணினிக்கு ஏற்ற மொழி சம்ஸ்கிருதம்” என்று சுவரொட்டியில் போடாதீர்கள். அந்தக் கதையின் வேர், 1985-இல் ரிக் பிரிக்ஸ் என்ற ஆய்வாளர் ஏஐ மேகசின் இதழில் எழுதிய ஒரு கட்டுரை. சம்ஸ்கிருத இலக்கணிகள் வாக்கியப் பொருளைப் பிரித்துச் சொல்லும் முறை செயற்கை நுண்ணறிவில் அறிவைக் குறிக்கும் முறைகளை ஒத்திருக்கிறது என்றார் அவர். நாசாவின் தீர்மானம் அல்ல. பொய்யாக ஒரு பெருமையைச் சொல்லி அழைத்துவந்தவரை, அது உடைந்த அன்றே இழந்துவிடுவீர்கள்.

தமிழ்நாட்டில் இன்னொரு கேள்வி கட்டாயம் வரும்: தமிழ் இருக்க இது எதற்கு? யாருடைய மொழி இது? கேட்பவர் மேல் கோபப்பட வேண்டாம், அந்தக் கேள்விக்குப் பின்னால் வரலாறு இருக்கிறது. ஒரு காலத்தில் எல்லோருக்கும் கதவு திறந்திருக்கவில்லை. வகுப்பை நூலகத்திலோ பள்ளியிலோ பொது மண்டபத்திலோ வைத்து, யார் வேண்டுமானாலும் வந்து உட்காரலாம் என்று நடத்திக் காட்டுவதைவிட நல்ல பதில் எனக்குத் தெரியவில்லை. எந்த மொழி மூத்தது என்ற பட்டிமன்றத்தில் இறங்காதீர்கள். அதற்குப் பதில் தமிழ் அணி நூலான தண்டியலங்காரத்தை, அதற்கு மூலமான சம்ஸ்கிருத நூலாகிய தண்டியின் காவியாதர்சத்தோடு பக்கத்தில் வைத்துப் படிக்க ஒரு மாலை ஒதுக்குங்கள். தமிழ் ஆசிரியர் ஒருவரையும் கூப்பிடுங்கள், வருவார்.

படி 8: கைமாற்றம்

தன்னார்வ வேலைகள் பெரும்பாலும் ஒரே ஆளோடு நின்றுபோகின்றன. அவருக்கு இடமாற்றம் வரும், குழந்தை பிறக்கும், அல்லது சலித்துப்போகும். கோப்புகள் அவருடைய பழைய மடிக்கணினியில் இருக்கும். ஆகவே முதல் நாளிலிருந்தே கடவுச்சொல் இரண்டு பேரிடம் இருக்கட்டும். கோப்புகள் இரண்டு வெவ்வேறு இடங்களில் இருக்கட்டும், அதில் ஒன்று வீட்டுக்கு வெளியே. ஒவ்வொரு கோப்பின் தலையிலும் ஐந்து வரி எழுதுங்கள்: நூலின் பெயர், எந்தப் பதிப்பு அல்லது எந்தச் சுவடி, தட்டச்சு செய்தவர், மெய்ப்பு பார்த்தவர், எந்தப் பக்கம் வரை முடிந்தது. கடைசி வரியைத்தான் எல்லோரும் மறப்பார்கள். அடுத்து வருகிறவர் முதலில் தேடுவதும் அதைத்தான்.